கண்ணாடிப் பொத்தையின் கடைசி ஏடு

“இதுக்கு மேல ஏறாது தங்கச்சி! ஜீப்புக்கும் உசிருன்னு ஒண்ணு இருக்குல்லா?”

மைதீன் பாவா பிரேக்கை மிதித்தார். மலைப்பாதை அங்கேயே முடிந்துபோயிருந்தது. போன மழையில் பாதையின் பாதி சரிந்து ஓடைக்குள் விழுந்துவிட்டது. மீதி இருந்த பாதியில் ஆடு போகலாம், ஆள் போகலாம், பாவாவின் ஜீப் போகாது.

சுடலைவடிவு இறங்கினாள். கயிற்றுச் சுருளைத் தோளில் மாட்டினாள். டார்ச்சை ஒருமுறை எரித்துப் பார்த்து அணைத்தாள். எதிரே மேகத்துக்கு அடியில் கண்ணாடிப் பொத்தை நின்றது. வெயில் நாளில் அந்தக் குன்றைப் பார்த்தால் கண் கூசும் என்பார்கள். இன்றைக்கு வெயில் இல்லை. வானம் கறுத்துக்கொண்டு வந்தது.

“அண்ணனை இன்னைக்கே கூட்டிட்டு வந்துரணும் பாவாண்ணே,” என்றாள், கடையில் உப்பு வாங்கணும் என்று சொல்கிற அதே குரலில்.

வடிவுக்கு இருபத்தாறு வயது. அவளும் அண்ணன் இசக்கிதுரையும் தென்காசியில் இஸ்திரிப் பெட்டி, மிக்சி, மோட்டார் பழுது பார்க்கும் கடை வைத்திருந்தார்கள். அண்ணன் மகள் குயிலி அந்தக் கடையிலேயே வளர்ந்தாள். ஐந்து வயதுதான். ஆடி மாதம் வந்த காய்ச்சல் ஒன்று அவளைக் கொண்டுபோய்விட்டது.

காரியம் முடிந்த மறுநாள் இசக்கிதுரை சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போனான், திரும்பவில்லை. அவன் மனைவி தங்கபுஷ்பம் கடையின் பின்சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். உட்கார்ந்தவள் உட்கார்ந்தவள்தான், ஒரு வார்த்தை பேசவில்லை. வடிவு மட்டும் எழுந்து நடமாடினாள். வந்தவர்களுக்குக் காபி போட்டாள், கடையைத் திறந்தாள், அறுந்த ஒயரைச் சேர்த்தாள். ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. “என்ன நெஞ்சுரம்!” என்று தெருவே மெச்சியது. நெஞ்சுரமும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை! உள்ளே மரத்துப்போயிருந்தது, அவ்வளவுதான். சூடான பெட்டியில் கை பட்டால்கூடக் கொப்புளம் வந்த பிறகுதான் கவனிப்பாள்.

நேற்று வெள்ளத்தாயி என்ற ஒரு பெண் இருமிக்கொண்டே கடைக்கு வந்தாள். இசக்கிதுரை எங்கே இருக்கிறான் என்பது அப்போதுதான் தெரிந்தது.

“கண்ணாடிப் பொத்தையில பழைய காக்காப்பொன் சுரங்கம் இருக்கு. அங்க உரிநெறின்னு ஒரு கூட்டம். உங்க அண்ணன் அங்கதான் இருக்காவ. எனக்கு அந்தத் தூசி ஒத்துக்கல, இருமுதேன்னு அனுப்பிட்டாங்க,” என்றாள்.

காக்காப்பொன் என்றால் வடிவுக்குத் தெரியாதா? மைக்கா! ஏடு ஏடாகப் பிரியும் மினுமினுப்பான கல். இஸ்திரிப் பெட்டிக்குள் கம்பிச்சுருளுக்கும் இரும்புத் தகட்டுக்கும் நடுவே வைப்பது அதைத்தான். பிளேடால் பிளந்து, அளவுக்கு வெட்டி, தினமும் அவள் கையில் புழங்கும் பொருள்.

“அங்க சேருற ஒவ்வொருத்தருக்கும் கைமுட்டி கனத்துக்கு ஒரு கட்டி குடுப்பாங்க. தினம் விடியக்காலை நகத்தால ஒரு ஏடு உரிக்கணும். உரிக்கும்போது மனசுல இருக்கிற ஒண்ணைச் சொல்லணும். வீடு, பசி, கோவம், யாராவது ஒருத்தர் முகம். சொல்லி, ஏட்டைக் குழிக்குள்ள போட்டுட்டா அது போச்சு. அப்புறம் அதைப் பத்தி அவங்களும் பேசக்கூடாது, யாரும் அவங்ககிட்டக் கேக்கவும் கூடாது.”

“கட்டி தீந்துட்டா?”

வெள்ளத்தாயி தலையைக் குனிந்துகொண்டாள். “அடிக்குழியில இறங்கிருவாங்க. ஒளியாப் போறதுன்னு அதுக்குப் பேரு. நாலு பேர் இறங்கினதை நான் பாத்தேன். ஒருத்தரும் ஏறி வரல. அங்க மூச்சுவிடக் காத்து கிடையாது தாயீ. உங்க அண்ணன் கட்டி ஓலைக் கனத்துக்கு வந்துட்டு.”

போலீஸ் ஸ்டேஷனில் சொன்னபோது, வயது வந்த ஆள் விருப்பப்பட்டுப் போனால் என்ன செய்வது என்று கையை விரித்தார்கள். வடிவு நேராகப் பக்கத்துத் தெருவுக்குப் போய் மைதீன் பாவாவின் கதவைத் தட்டினாள். வாயாடி, பயந்தாங்கொள்ளி, ஆனால் கேட்டால் மாட்டேன் என்று சொல்லத் தெரியாத மனிதர். அதோடு அந்தச் சுரங்கத்தில் வெள்ளைக்காரன் விட்டுப்போன நீலக்கல் புதையல் ஒன்று இருப்பதாக அவருடைய மாமனார் எப்போதோ சொல்லியிருந்தார். பாவா உடனே ஒரு சாக்கைத் தேடி எடுத்துக்கொண்டார்!

இருவரும் குன்றில் ஏறினார்கள். முள், சறுக்குப் பாறை, இடுப்பளவு புல். தூறல் தொடங்கியது.

“ஏ புள்ள, காலைப் பாரு! அட்டை!” என்று பாவா கத்தினார்.

வடிவு குனிந்து பார்த்தாள். கணுக்காலில் நாலைந்து அட்டைகள் ரத்தம் குடித்து உப்பியிருந்தன. வழித்து எறிந்தாள்.

“கடிச்சது தெரியலயா?”

“தெரியல.”

பாவா அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார்.

சுரங்கத்துக்கு இரண்டு வாசல். கீழ்வாசலில் காவல் உண்டு, வெளியாளை விடமாட்டார்கள். மேல்வாசலை எல்லோரும் மறந்துவிட்டார்கள், அந்த வழியாகப் போ என்று வெள்ளத்தாயி சொல்லியிருந்தாள். புதருக்குப் பின்னால் மேல்வாசல் கறுப்பாகத் திறந்து கிடந்தது. அதற்கு முன்னால் சுரங்கக் கழிவு மலையாகக் குவிந்திருந்தது. அந்த மங்கல் வெளிச்சத்திலும் குவியல் தகதகவென்று மின்னியது!

“யா அல்லா! பாத்தியா? பாத்தியா?” பாவா மண்டியிட்டு இரண்டு கையாலும் அள்ளினார்.

“வெறும் காக்காப்பொன் தூளு பாவாண்ணே. கடையில கேட்டா நானே தருவேன்.”

“உள்ள நீலக்கல்லு கலந்திருக்கும், நீ சும்மா இரு!” சாக்கு பாதி நிரம்பும் வரை அவர் விடவில்லை. முதுகில் தூக்கிக்கொண்டு தள்ளாடினார். சாக்கின் அடியில் ஒரு ஓட்டை இருந்தது. அதை அவரும் பார்க்கவில்லை, வடிவும் பார்க்கவில்லை.

உள்ளே நுழைந்தார்கள். தரை முழுக்கக் கறுப்புச் சேறு. உத்தரக்கட்டைகள் உளுத்துத் தொங்கின. சுரங்கம் இரண்டாகப் பிரிந்தது, பிறகு மூன்றாகப் பிரிந்தது. வெள்ளத்தாயி அதற்கும் வழி சொல்லியிருந்தாள்: கீழ்வாசல் வழியாக எப்போதும் காற்று ஏறிவரும், பிரியும் இடங்களில் எல்லாம் காற்று முகத்தில் அடிக்கிற பக்கமாகப் போ. வடிவு நின்று கன்னத்தில் காற்றைத் தேடிப் பார்த்து, திரும்பித் திரும்பி நடந்தாள்.

திடீரென்று டார்ச் வெளிச்சம் தரையில்லாத இடத்தில் விழுந்தது. குழி! பாதை முழுவதையும் அடைத்துக்கொண்டு ஒரு பழைய குழி வாய் பிளந்து கிடந்தது. குறுக்கே இரண்டு பனங்கட்டைகள். பாவா ஒரு கல்லைப் போட்டார். வெகுநேரம் கழித்துத்தான் சத்தம் வந்தது.

“திரும்பிருவோம் தங்கச்சி. உங்க அண்ணனுக்கு ஒரு லெட்டர் போடுவோம்.”

வடிவு அதற்குள் கட்டையில் கால் வைத்துவிட்டாள். கையைக்கூட விரிக்கவில்லை. கடைத்தெருவில் நடக்கிற மாதிரி நடந்து அக்கரை சேர்ந்தாள். கயிற்றின் ஒரு முனையை அங்கிருந்த உத்தரத்தில் கட்டி மறுமுனையை வீசினாள். அதையும் இக்கரையில் கட்டிவிட்டு, பாவா நான்கு காலில் ஊர்ந்து, ஓதிக்கொண்டே, சாக்கையும் விடாமல் வந்து சேர்ந்தார். வந்ததும் அவளை முறைத்தார்.

“நீ தைரியசாலின்னு நெனச்சுக்காத. பயமில்லாம நடக்கிற ஆளுகூட நடக்க எனக்குத்தான் ரெண்டு பங்கு பயமா இருக்கு!”

அவர் சொன்னது சரிதான். ஆனால் வடிவுக்கு அது காதில் விழுந்ததோடு சரி.

இன்னும் இரண்டு திருப்பம். அப்புறம் வெளிச்சம்! கூரையில் ஒரு பிளவு. அதன் வழியாகப் பகல் உள்ளே இறங்கியது. பெரிய கூடம் போன்ற குகை. சுவரெல்லாம் காக்காப்பொன் பாறை, எங்கே பார்த்தாலும் மினுக்கம். நடுவில் அடிக்குழி. அதைச் சுற்றி வெள்ளை வேட்டியும் வெள்ளைச் சேலையுமாக ஏழெட்டுப் பேர் உட்கார்ந்திருந்தார்கள். புதிதாக இரண்டு பேர் சேறும் சகதியுமாக உள்ளே வந்து நிற்கிறார்களே, ஒருவராவது திடுக்கிட வேண்டாமா? ம்ஹும்! தலையைத் திருப்பிப் பார்த்துவிட்டுப் பழையபடி திரும்பிக்கொண்டார்கள்.

அவர்களில் ஒருவன் இசக்கிதுரை. தாடி வளர்ந்து, கன்னம் ஒட்டியிருந்தது.

“அண்ணே.”

அவன் பார்த்தான். அடையாளம் தெரிந்தது என்பது மட்டும் தெரிந்தது. “வந்தியா,” என்றான்.

“வீட்டுக்குப் போவோம்.”

“வீட்டை விட்டாச்சு. மூணாவது ஏட்டுலயே.”

குழியின் தலைமாட்டில் இருந்த முதியவர் எழுந்தார். மருதப்பர் என்ற அவர்தான் உரிநெறியை உண்டாக்கியவர். மடியில் ஒரு துணிப்பொட்டலம் வைத்திருந்தார். திட்டவில்லை, விரட்டவில்லை. மெதுவாகப் பேசினார்.

“காக்காப்பொன்னைத் தீயில போட்டா எரியாது. வெளிச்சத்துல பிடிச்சா மறைக்காது. அதுக்கு வலி இல்லை. ஏன்னா உள்ளே எதுவும் இல்லை. மேல ஏடு, கீழ ஏடு, நடுவிலயும் ஏடு. மனுசனும் அப்படித்தாம்மா. உரிச்சுக்கிட்டே போனா மிச்சம் நிக்கிறது வெறும் ஒளி. உன் அண்ணன் அதுக்குப் பக்கத்துல வந்துட்டார். ஆனா அவர் கட்டி ஒரு அதிசயம்! ஒரு மாசத்துக்கு முன்னாலயே தீந்திருக்கணும். தீரவே மாட்டேங்குது.”

“நேத்து என்ன விட்டாவ?” என்று பாவா ஆவலை அடக்க முடியாமல் கேட்டுவிட்டார்.

“பதிமூணாம் நம்பர் ஸ்பேனர்,” என்றார் மருதப்பர். “அதுக்கு முந்தின நாள் சால்டரிங் கம்பி.”

வடிவு அண்ணனை உற்றுப் பார்த்தாள். ஆனால் மருதப்பர் பேச்சிலும் ஏதோ இருந்தது. வலி இல்லை. உள்ளே எதுவும் இல்லை. இத்தனை மாதமாக இவள் இருப்பதும் அப்படித்தானே! இவள் ஒரு ஏடும் உரிக்கவில்லை, அதுவாகவே உரிந்துபோய்விட்டது. இங்கேயே உட்கார்ந்துவிட்டால் காபி போட வேண்டாம், கடை திறக்க வேண்டாம். குளிர்ந்த பாறை. அமைதி. கால்கள் தாமாகவே மடங்கின. அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள்.

“தங்கச்சி! நீ எதுக்கு உக்காருத?” பாவாவின் குரல் கீச்சென்று வந்தது.

அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது. எங்கோ கீழே, மண் சரிகிற சத்தம். அதைத் தொடர்ந்து ஓர் இரைச்சல்.

“அது என்னது?” என்று பாவா கேட்டார்.

“கீழ்வாசல் கரை,” என்றார் ஓர் ஆள், சாதாரணமாக. “மழை வந்தா ஓடைத் தண்ணி உள்ள வராம இருக்க மண்ணால கரை போட்டிருக்கோம். அது உடைஞ்சிருக்கும்.”

“யார்யா அதைப் பாத்துக்கிறது?”

“நான்தான். சண்முகவேல்.”

“பாத்துக்கலயா?”

“கவலையைப் போன வாரம் விட்டுட்டேன்.”

பாவா தலையில் அடித்துக்கொண்டார். கவலையை விட்டவனிடம் கரையைக் கொடுத்திருக்கிறார்கள்! அதை விடக்கூடாது என்று ஒருவருக்கும் தோன்றவில்லை, தோன்றினாலும் கேட்கக்கூடாது. அதுதானே விதி!

கீழ்வாசல் பக்கமிருந்து பழுப்புத் தண்ணீர் நுரைத்துக்கொண்டு கூடத்துக்குள் நுழைந்தது. தரையில் கிடந்த ஏடுகளை மிதக்கவிட்டுப் பரவியது. உட்கார்ந்திருந்தவர்களின் வேட்டி நனைந்தது. ஒருவரும் எழவில்லை! பயத்தைத்தான் முதல் வாரத்திலேயே உரித்துப் போட்டுவிட்டார்களே. தண்ணீர் அடிக்குழிக்குள் அருவியாகக் கொட்டியது. கொட்டியும் தளும்பிக்கொண்டே ஏறியது.

“எழுந்திரிங்க! ஓடுங்க! அல்லாவுக்காக எழுந்திரிங்கய்யா!” பாவா ஒவ்வொருவராகப் பிடித்து இழுத்தார். எழுப்பினால் நின்றார்கள், விட்டால் உட்கார்ந்தார்கள்.

மருதப்பர் இசக்கிதுரையிடம் வந்தார். “தண்ணியும் வந்துட்டுது. நேரம் இதுதான். கடைசி ஏட்டை உரிச்சிருங்க.”

இசக்கிதுரை உள்ளங்கையை விரித்தான். அதில் ஓர் ஏடு. ஏடு என்று சொல்லவும் முடியாது, கைரேகை அதனூடே அப்படியே தெரிந்தது. வடிவு அவன் விரல்களைப் பார்த்தாள். கட்டைவிரல் நுனியில் மெல்லிய கீறல்கள், ஒன்றன்மேல் ஒன்றாக. அவள் விரலிலும் அதே கீறல்கள் உண்டு!

“அண்ணே,” என்றாள். “பிளேடு வெச்சிருக்கியா?”

அவன் இடுப்பு மடிப்பிலிருந்து பாதி பிளேடு ஒன்றை எடுத்துக் காட்டினான். கடையில் மைக்கா பிளக்கிற பிளேடு.

வடிவுக்குப் புரிந்துவிட்டது. நகத்தால் உரித்தால்தான் ஏடு தீரும். பிளேடு நுனியை வைத்தால் ஒன்று இரண்டாகும், இரண்டில் ஒன்று மறுபடி இரண்டாகும். இவன் விடியற்காலையில் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டு, கடைசி ஏட்டைத் தினமும் பிளந்து பிளந்து, ஒரு மாதமாக ஓட்டியிருக்கிறான். ஸ்பேனரையும் சால்டரிங் கம்பியையும் ஒவ்வொன்றாகக் கொடுத்து ஏதோ ஒன்றை மறைத்துக் காப்பாற்றியிருக்கிறான்!

“எதை விடமாட்டேங்குத?”

“ஒண்ணே ஒண்ணுதான் பாக்கி. சொன்னா போயிரும் வடிவு.”

“கல்லுகிட்டச் சொன்னாத்தானே போகும்? எங்கிட்டச் சொல்லு.”

தண்ணீர் உட்கார்ந்தவர்களின் இடுப்புக்கு வந்திருந்தது. இசக்கிதுரை தங்கை முகத்தைப் பார்க்காமல் சொன்னான்.

“ஒருநாள் நான் மேலத்தெரு டாக்டர் வீட்டுக்கு மோட்டார் மாட்டப் போனேன்லா. போன எடமெல்லாம் சிரிக்காங்க. டாக்டர் சிரிக்காரு, டீக்கடையில சிரிக்காங்க. பஸ்ல ஒரு கிழவி வாயைப் பொத்திக்கிட்டுச் சிரிக்கா. ஏன்னு தெரியல. சாயங்காலம் வீட்டுக்கு வந்து கண்ணாடியைப் பாத்தா, நெத்தியில ஒரு காக்காப்பொன் பொட்டு! காலையில நான் குனிஞ்சு வேலை பாக்கும்போது எச்சி தொட்டு ஒட்டிவிட்டிருக்கா. ஊரெல்லாம் அதோடயே சுத்தியிருக்கேன்...”

“எனக்குத் தெரியும்,” என்றாள் வடிவு.

“என்னட்டி தெரியும்?”

“நீ கெளம்பும்போதே பாத்தேன். சொல்ல வாயெடுத்தேன். அவதான் என் வாயைக் கையால பொத்திட்டா. அத்தை சொல்லாத, அப்பா அழகா இருக்காருன்னா. நீ தெருமுனை திரும்புத வரைக்கும் ரெண்டு பேரும் கதவுக்குப் பின்னால நின்னு சிரிச்சோம். அவளுக்குச் சிரிச்சுச் சிரிச்சு விக்கல் வந்துட்டு. தண்ணி குடுத்தும் நிக்கல...”

சொல்லும்போதே வடிவுக்குச் சிரிப்பு வந்தது. எத்தனை மாதத்துக்குப் பிறகு வந்த சிரிப்பு! சத்தமாகச் சிரித்தாள். அண்ணனும் சிரித்தான். சிரிப்பு பாதியில் முறிந்தது. வடிவு ஓவென்று அழுதாள். ஆடி மாதம் அழ வேண்டிய அழுகை முழுவதும் அந்தக் குகையில் வந்து கொட்டியது. குகைச் சுவர்கள் அதைத் திருப்பித் திருப்பிச் சொல்லின.

அழுதுகொண்டிருந்தவள் சட்டென்று குனிந்து பார்த்தாள். ஐயோ, தண்ணீர்! எவ்வளவு குளிர்! கணுக்காலில் அட்டை கடித்த இடமெல்லாம் எரிந்தது. நெஞ்சு படபடவென்று அடித்தது. பயம்! நல்ல, உண்மையான, உயிருள்ள பயம்! அதை இவ்வளவு சந்தோஷமாக வரவேற்ற ஆள் வேறு யாரும் இருக்க முடியாது.

“அய்யய்யோ! செத்துருவோம்! எழுந்திரி அண்ணே! எல்லாரும் எழுந்திரிங்க!” அவள் போட்ட கூச்சலில் கூரைப் பிளவில் இருந்த புறாக்கள் பறந்தன.

“நிறுத்தும்மா,” என்றார் மருதப்பர். “அதுதான் வலி. அதைத்தான் நாங்க...”

“ஐயா, நான் இஸ்திரிப் பெட்டி ரிப்பேர் பண்ணுதவ! பெட்டிக்குள்ள காக்காப்பொன் எதுக்கு வெக்கிறோம் தெரியுமா? கையில ஷாக் அடிக்காம இருக்க. அது கரண்டைத்தான் தடுக்கும், சூட்டைத் தடுக்காது. சூட்டையும் தடுத்தா அப்புறம் அது இஸ்திரிப் பெட்டியா? வெறும் இரும்பு!”

அப்போது பின்னாலிருந்து ஒரு பெண் குரல் வந்தது. நரைத்த தலை, வெள்ளைச் சேலை.

“பிள்ளைக்கு என்ன வயசு?”

கூடமே அவளைத் திரும்பிப் பார்த்தது. கேட்கக்கூடாத கேள்வி!

“அஞ்சு,” என்றான் இசக்கிதுரை.

“என் பேரனுக்கும் அஞ்சு,” என்றாள் அவள். “ஊர்ல இருக்கான். நல்லா இருக்கான். நான் போகணும். எனக்கு இங்க பயமா இருக்கு.” எழுந்துவிட்டாள்! அவளைப் பார்த்து இன்னொருத்தி எழுந்தாள். சண்முகவேல் தண்ணீரைப் பார்த்தார், தன் கைகளைப் பார்த்தார், “கரையை நான்தானே பாக்கணும்!” என்று அலறிக்கொண்டு எழுந்தார்.

பிறகு எல்லாம் வேகம்தான். பாவா முன்னால், வடிவு பின்னால். கீழ்வாசல் முழுகிவிட்டது, போக இருக்கிற வழி மேல்வாசல் ஒன்றுதான். முதல் பிரிவில் வடிவு நின்று காற்றுக்காக முகத்தைத் திருப்பினாள். காற்று இல்லை! கீழ்வாசலைத் தண்ணீர் அடைத்ததும் காற்று செத்துவிட்டது. எந்தப் பக்கம் வந்தோம்? மூன்று கறுப்பு வாய்கள், மூன்றும் ஒன்றுபோலவே இருந்தன. டார்ச்சும் மங்கத் தொடங்கியது.

“பாவாண்ணே, வழி தெரியல!”

“எனக்கு மட்டும் தெரியுமா?” பாவா தோளிலிருந்த சாக்கை வெறுப்போடு இறக்கினார். “இது வேற... அடேய்! சாக்கு காலி! என் நீலக்கல்லெல்லாம் எங்கல போச்சு?”

வடிவு டார்ச்சைத் தரைக்குத் திருப்பினாள். கறுப்புச் சேற்றில் ஒரு மினுக்கம். கொஞ்சம் தள்ளி இன்னொன்று. அதற்கப்பால் இன்னொன்று. இடது சுரங்கத்துக்குள் கோலப்பொடி சிந்தினாற்போல் ஒரு கோடு மின்னிக்கொண்டு போனது!

“ஓட்டைச் சாக்கு! பாவாண்ணே, உங்க ஓட்டைச் சாக்கு வாழ்க!”

மினுக்கத்தைப் பிடித்துக்கொண்டு ஓடினார்கள். பனங்கட்டைப் பாலம் வந்தது. இந்த முறை வடிவுக்குக் கால் உதறியது. கயிற்றை இரண்டு கையாலும் இறுகப் பற்றிக்கொண்டு, கீழே பார்க்காமல், நடுநடுங்கித்தான் கடந்தாள். பாவாவுக்கு அதைப் பார்க்க அவ்வளவு நிம்மதி!

ஒவ்வொருவராகக் கடந்தார்கள். கடைசியில் மருதப்பர் நின்றார். துணிப்பொட்டலத்தை இரண்டு கையாலும் மார்போடு அணைத்திருந்தார்.

“கையை விட்டாத்தான் கயித்தைப் பிடிக்க முடியும்! அதைப் போடுங்க!” என்று இசக்கிதுரை கத்தினான்.

துணி விலகியது. உள்ளே ஒரு காக்காப்பொன் கட்டி. கைமுட்டி கனம், குறையாமல் அப்படியே. ஓர் ஏடுகூட உரிக்கப்படவில்லை!

“எனக்கு முடியல,” என்றார் மருதப்பர். முதல் தடவையாகக் குரல் உடைந்தது. “ஒண்ணைக்கூட விட முடியல. உங்களாலயாவது முடியுதேன்னு பாத்துக்கிட்டு இருந்தேன்.”

பின்னாலிருந்து பாய்ந்து வந்த தண்ணீர் அவர் முழங்காலில் மோதிக் குழிக்குள் கொட்டியது. கட்டியைக் கடைசியாக ஒருமுறை தடவிப் பார்த்துவிட்டுக் குழிக்குள் விட்டார். கயிற்றைப் பிடித்தார். இசக்கிதுரை பாதிக் கட்டைவரை போய் அவர் கையைப் பிடித்து இழுத்து வந்தான். அவனுக்கு அவர்மேல் கோபம் இருந்தது. கோபத்தையும் எப்போதோ உரித்துப் போட்டதாக நினைத்திருந்தான், அது பத்திரமாகத் திரும்பி வந்திருந்தது. அப்படியும் கையை விடவில்லை.

மேல்வாசலுக்கு வெளியே மழை கொட்டியது. ஒவ்வொருவரும் ஒவ்வொரு மாதிரி அழுதார்கள். பசிக்கிறது என்றார் ஒருவர். சண்முகவேல் கரை கரை என்று புலம்பிக்கொண்டிருந்தார். பாவாவின் ஜீப்பில் அத்தனை பேரும் எப்படி ஏறினார்கள் என்பது அவருக்கே இன்றுவரை விளங்கவில்லை. புதையல் எங்கே என்று வீட்டில் கேட்டால், ஜீப் நிறைய ஏற்றிக்கொண்டு வந்தேன், அவரவர் வீட்டில் இறக்கிவிட்டேன் என்கிறார். நீலக்கல்லைப் பற்றி மட்டும் மூச்சு விடுவதில்லை.

அன்று மாலை இசக்கிதுரை கடை வாசலில் தயங்கி நின்றான். உள்ளே பின்சுவரில் சாய்ந்து தங்கபுஷ்பம் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் வைத்த சாப்பாடு ஆறிக்கிடந்தது.

“என்ன சொல்லிட்டு உள்ள போவேன் வடிவு?”

“ஒண்ணும் சொல்லாண்டாம். குனி.”

அவன் குனிந்தான். வடிவு அவன் கையை விரித்து அந்தக் கடைசி ஏட்டை எடுத்தாள். பத்திரமாகத்தான் கொண்டு வந்திருந்தான். பிளேடால் ஒரு பொட்டளவு நறுக்கினாள். நாக்கில் தொட்டு அவன் நெற்றியில் ஒட்டினாள். அவசரத்தில் சரியாக ஒட்டவில்லை.

இசக்கிதுரை உள்ளே போய் மனைவியின் எதிரே தரையில் உட்கார்ந்தான். தங்கபுஷ்பம் நிமிர்ந்தாள். கடைவிளக்கின் வெளிச்சத்தில் அவன் நெற்றி மினுங்கியது. வெகுநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண்ணில் நீர் கோத்து, கன்னத்தில் இறங்கியது. பிறகு கையை நீட்டி, கட்டைவிரலை நாக்கில் நனைத்து, அந்தப் பொட்டை மெல்ல நகர்த்தி வைத்தாள்.

“கோணலா இருக்கு,” என்றாள். “அவ நடு நெத்தியிலதான் வெப்பா.”